மார்கரெட் ரதர்ஃபோர்ட்: மெட்ராஸில் தாயைப் பறிகொடுத்த மிஸ் மார்ப்பிள்

கோடம்பாக்கம்வாசி

போன வாரம் 'மர்டர் ஷீ செட்' படத்தை மறுபடியும் பார்த்தேன். 1961-ல் வந்த கறுப்பு வெள்ளைப் படம், அகதா கிறிஸ்டியின் துப்பறியும் கதை. கிறிஸ்டி படைத்த துப்பறியும் கிழவி மிஸ் மார்ப்பிள்தான் நாயகி. ரயிலில் போய்க்கொண்டிருக்கும் அந்த வயதான அம்மாள், பக்கத்துத் தண்டவாளத்தில் ஓடும் இன்னொரு ரயிலின் ஜன்னலில் ஒரு பெண்ணின் கழுத்தை யாரோ நெரிப்பதைப் பார்த்துவிடுகிறாள். டிக்கெட் பரிசோதகரும் நம்பவில்லை, போலீஸும் நம்பவில்லை. வயதானவள், கனவு கண்டிருப்பாள் என்கிறார்கள். அதைக் கேட்கும்போது அந்த நடிகையின் முகத்தைக் கவனியுங்கள். கோபப்பட மாட்டார். தாடை மட்டும் மெல்ல இறுகும், கண் ஓர் இடத்தில் நிற்கும். அந்த ஒரு நொடியிலேயே இந்த அம்மாள் சும்மா விடப் போவதில்லை என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது.

அவர்தான் மார்கரெட் ரதர்ஃபோர்ட். 1892 மே 11-ல் லண்டனில் பால்ஹம் பகுதியில் பிறந்தவர். கதாநாயகியாக அவரை யாரும் நினைத்துக்கூடப் பார்த்ததில்லை. பெரிய உடம்பு, பல மடிப்புள்ள மோவாய், பேசும்போது தனித்தனியாக அசையும் உதடுகள். அதையெல்லாம் மறைக்காமல் அப்படியே வைத்துக்கொண்டு முப்பது வருடத்துக்கு மேல் பிரிட்டிஷ் சினிமாவில் நின்றார். அவரைப் பற்றித் தமிழில் உருப்படியாக யாரும் எழுதிப் படித்த ஞாபகம் இல்லை, அதனால்தான் இந்த இழை. அவருக்கு நம் ஊரோடு ஒரு தொடர்பும் உண்டு. கைக்குழந்தையாக அவரை மெட்ராஸுக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். அது நல்ல கதை இல்லை, முழுக்கத் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கிறிஸ்டி வாசகி

நல்ல நடிகை, அதில் சண்டை இல்லை. ஆனால் அவர் மிஸ் மார்ப்பிளே இல்லை, இதைச் சொல்லாமல் என்னால் நகர முடியாது. நாவல்களில் வரும் மார்ப்பிள் ஒல்லியான, மென்மையான, பின்னல் ஊசியும் நூலுமாக மூலையில் உட்கார்ந்திருக்கும் கிழவி. அவள் அங்கே இருப்பதே யாருக்கும் தெரியாது, அதுதான் அவளுடைய பலம். கிராமத்தில் ஒருத்தி செய்த சின்னத் திருட்டை நினைத்துப் பார்த்து, அதை வைத்து ஒரு கொலைகாரனின் மனதைப் படிப்பாள். ரதர்ஃபோர்டோ அறைக்குள் நுழைந்தால் அறையே அவர் பக்கம் திரும்பும்.

நீங்கள் சொன்ன படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். நாவலில் ரயிலிலிருந்து கொலையைப் பார்ப்பது மார்ப்பிளின் தோழி. அந்தப் பெரிய வீட்டுக்குள் வேலைக்காரியாகப் போய்த் துப்பறிவது லூசி என்ற இளம்பெண். படத்தில் இரண்டையும் மார்ப்பிளே செய்கிறார். அடுத்து வந்த 'மர்டர் அட் த கேலப்' (1963), 'மர்டர் மோஸ்ட் ஃபவுல்' (1964) இரண்டுமே நாவலில் கிறிஸ்டியின் இன்னொரு துப்பறிவாளரான பொய்ரோ துப்பறிந்த கதைகள், பொய்ரோவைத் தூக்கிவிட்டு மார்ப்பிளை உட்கார வைத்தார்கள். நான்காவது 'மர்டர் அஹாய்', அதற்கு நாவலே கிடையாது. கிறிஸ்டிக்கு இந்தப் படங்கள் பிடிக்கவில்லை. எனக்கும் பிடிக்கவில்லை.

கோடம்பாக்கம்வாசி

அக்கா, படம் பிடிக்கவில்லை என்பது சரி. ஆனால் 1962-ல் வந்த 'த மிரர் கிராக்ட்' நாவலை கிறிஸ்டி யாருக்குச் சமர்ப்பித்தார்? மார்கரெட் ரதர்ஃபோர்டுக்கு. அதுவும் வியந்து பாராட்டி. முதல் படம் வந்த அடுத்த வருடமே. படத்தை ஏற்காதவர்கூட அந்த நடிகையைத் தள்ளிவிடவில்லை.

இன்னொன்று. 'மர்டர் ஷீ செட்'டில் அந்த வீட்டில் வேலை செய்யும் மிஸஸ் கிடர் என்ற பெண்ணாக வருவது யார் தெரியுமா? ஜோன் ஹிக்சன். 1984-ல் பி.பி.சி. தொடரில் மார்ப்பிளாக வந்து, உங்களைப் போன்ற வாசகர்கள் எல்லோரும் இவர்தான் அசல் என்று ஏற்றுக்கொண்ட அதே ஹிக்சன். இரண்டு மார்ப்பிளும் ஒரே படத்தில் இருக்கிறார்கள்.

மேடைநிழல்

நான் நாடகக் குழுவில் இருபது வருடமாக இருக்கிறேன், அந்தப் பக்கத்திலிருந்து கொஞ்சம் சொல்கிறேன். மார்ப்பிளை வைத்து அவரை அளந்தால் அவருடைய பெரிய வேலைகள் விட்டுப்போகும். மார்ப்பிளாக நடிக்க வந்தபோது அவருக்கு 69 வயது. அதற்கு முன்னால் செய்தவற்றைப் பாருங்கள்.

1941-ல் நோயல் கோவர்டின் 'ப்ளைத் ஸ்பிரிட்' நாடகம் லண்டனில் பிக்காடில்லி தியேட்டரில் மேடையேறுகிறது. குண்டு விழுந்த நகரம், வீட்டுக்கு வீடு சாவு. அந்த நேரத்தில் செத்தவர்கள் திரும்பி வருவதை வைத்து ஒரு நகைச்சுவை. அதில் ஆவிகளோடு பேசும் மேடம் ஆர்கேட்டியாக ரதர்ஃபோர்ட். வேறு யாராக இருந்தாலும் அந்தப் பாத்திரத்தைப் போலிச் சாமியாராக ஆக்கி, பார்வையாளரைப் பார்த்துக் கண்ணடித்து நடித்திருப்பார்கள். இவர் அப்படிச் செய்யவே இல்லை. ஆர்கேட்டி தன் தொழிலை முழுக்க நம்புகிறவள் என்று எடுத்துக்கொண்டார். மருத்துவர் நாடி பிடிக்கிற சிரத்தையோடு அந்த அம்மாள் ஆவியைக் கூப்பிடுகிறாள். ஆவி உண்மையிலேயே வந்துவிட்டது என்று தெரிந்ததும் பயப்படாமல், தன் வேலை பலித்துவிட்டது என்று குழந்தை மாதிரிப் பூரிக்கிறாள். சிரிப்பு அங்கேதான் வருகிறது. டேவிட் லீன் 1945-ல் அதைப் படமாக்கியபோதும் இவரே நடித்தார், சைக்கிளில் முதுகு நிமிர்ந்து வருவாரே, அதை ஒரு தடவை பார்த்தால் மறக்காது.

எங்கள் குழுவுக்கு வரும் பிள்ளைகளிடம் நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதைத்தான், நகைச்சுவைப் பாத்திரத்துக்குத் தான் நகைச்சுவைப் பாத்திரம் என்பது தெரியக் கூடாது. ஆஸ்கர் வைல்டின் 'த இம்பார்ட்டன்ஸ் ஆஃப் பீயிங் எர்னஸ்ட்' 1952 படத்தில் இவர் மிஸ் பிரிஸம். பல வருடங்களுக்கு முன்னால் கவனப்பிசகில் நாவல் கையெழுத்துப் பிரதியைத் தள்ளுவண்டியிலும் குழந்தையைக் கைப்பையிலும் வைத்துவிட்ட ஆயா. அதை எல்லோர் முன்னாலும் ஒப்புக்கொள்ள வேண்டிய இடம் வருகிறது. ஈடித் இவான்ஸ் அந்தப் பக்கம் மலை மாதிரி நிற்கிறார். ரதர்ஃபோர்டின் முகத்தில் அவமானம், பயம், இத்தனை வருடம் சுமந்ததை இறக்கி வைக்கிற ஆறுதல் எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடும். அப்புறம் அந்தக் கைப்பை திரும்பக் கிடைத்ததும் அதை ஒவ்வோர் அடையாளமாகத் தடவிப் பார்ப்பார். சபையே சிரிக்கிற காட்சி, எனக்குத் தொண்டை அடைக்கும்.

பழைய காகிதம்

மெட்ராஸ் விஷயம் கேட்டிருந்தீர்கள். சொல்கிறேன், கொஞ்சம் கனமானது.

அவருடைய அப்பா வில்லியம் பென். 1882 டிசம்பரில் ஃப்ளாரன்ஸ் நிக்கல்சன் என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்கிறார். கல்யாணமான கொஞ்ச நாளிலேயே மனநிலை பாதிக்கிறது, காப்பகத்தில் வைத்துப் பார்க்கிறார்கள். கொஞ்சம் தேறியதும் அவருடைய அப்பா ஜூலியஸ் பென், இவர் ஒரு பாதிரியார், மகனை ஓய்வுக்காக மேட்லாக் பாத் என்ற ஊருக்குக் கூட்டிப்போகிறார். அங்கே 1883 மார்ச்சில், தங்கியிருந்த அறையிலேயே, மகன் அப்பாவை அடித்துக் கொன்றுவிடுகிறார். பிறகு தன் கழுத்தையும் அறுத்துக்கொள்கிறார், பிழைத்துவிடுகிறார். சித்தசுவாதீனம் இல்லாதவர் என்று ப்ராட்மூர் காப்பகத்துக்கு அனுப்புகிறார்கள்.

1890-ல் விடுதலை. மனைவி இத்தனை வருடமும் காத்திருந்திருக்கிறார். பென் என்ற பெயரை விட்டுவிட்டு ரதர்ஃபோர்ட் என்று வைத்துக்கொள்கிறார்கள். 1892-ல் மார்கரெட், ஒரே குழந்தை. பழைய கதை தெரிந்த ஊரில் வாழ முடியாது என்றுதான் கைக்குழந்தையோடு கப்பலேறி மெட்ராஸுக்கு வந்தார்கள். புது வாழ்க்கை தேடி வந்த ஊரில் நடந்தது வேறு. வயிற்றில் இரண்டாவது குழந்தையோடு இருந்த ஃப்ளாரன்ஸ் ஒரு மரத்தில் தூக்கு மாட்டிக்கொண்டார். மார்கரெட்டுக்கு அப்போது 3 வயது. குழந்தையை லண்டனுக்குத் திருப்பி அனுப்பினார்கள், விம்பிள்டனில் பெரியம்மா முறையிலோ சித்தி முறையிலோ பெஸ்ஸி நிக்கல்சன் என்ற அம்மாவழி உறவு எடுத்து வளர்த்தார்.

அப்பா மனம் உடைந்து இறந்துவிட்டார் என்று குழந்தையிடம் சொல்லி வைத்திருந்தார்கள். அவருக்கு 12 வயதானபோதுதான், அப்பா உயிரோடு இருக்கிறார், 1903-ல் மறுபடியும் உள்ளே போய்விட்டார் என்ற உண்மை தெரிந்தது. அவர் அங்கேயே 1921-ல் இறந்தார். தனக்கும் அது வந்துவிடுமோ என்ற பயம் மார்கரெட்டை வாழ்நாள் முழுக்க விடவில்லை. இடையிடையே மனச்சோர்வு வந்து படுத்துவிடுவார்.

இன்னொரு கிளையையும் சொல்லிவிடுகிறேன். கொலையுண்ட ஜூலியஸ் பென்னின் இன்னொரு பேரன் வில்லியம் வெட்ஜ்வுட் பென், மார்கரெட்டின் பெரியப்பா மகன். உப்புச் சத்தியாகிரகம் நடந்த 1930-ல் லண்டனில் உட்கார்ந்து இந்தியா மந்திரியாக இருந்தவர் இவர்தான். பிரிட்டிஷ் தொழிற்கட்சித் தலைவர்களில் ஒருவரான டோனி பென் இவருடைய மகன்.

கிறிஸ்டி வாசகி

இது எனக்குத் தெரியாது. படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை.

மார்ப்பிள் வேடத்தை முதலில் அவர் ஏற்கத் தயங்கினார், கொலையை வைத்து நடிப்பது அவருக்குப் பிடிக்கவில்லை என்று எங்கோ படித்து, பெரிய நடிகைகளின் பிகு என்று நினைத்துக் கடந்துபோயிருந்தேன். அப்படி நினைத்ததற்கு வருத்தப்படுகிறேன்.

மேடைநிழல்

பழைய காகிதம் ஐயா, தகவலுக்கு நன்றி. ஆனால் ஒரு விஷயத்தில் எச்சரிக்கையாக இருப்போம். 'உள்ளே இவ்வளவு துக்கம், அதனால்தான் இவ்வளவு சிரிப்பு' என்று முடிச்சுப் போடுவது எல்லா நகைச்சுவை நடிகர்களுக்கும் நாம் செய்கிற அநியாயம். சோகம் யாருக்கும் நேரத்தைக் கணக்காகப் பிடிக்கக் கற்றுக்கொடுக்காது. வசனத்தில் எந்தச் சொல்லுக்கு முன்னால் மூச்சை நிறுத்த வேண்டும் என்று அவருக்குத் தெரிந்தது, வருடக்கணக்கில் பேச்சுப் பயிற்சி சொல்லிக்கொடுத்து, சின்ன ஊர்களில் வாரத்துக்கு ஒரு நாடகம் என்று உழைத்ததால். அந்த உழைப்பை அப்பாவின் நோய்க்குக் கொடுத்துவிடாதீர்கள்.

பழைய காகிதம்

நியாயம். நான் முடிச்சுப் போடவில்லை. ஆனால் ஒன்று கேட்கிறேன். ஆர்கேட்டியைக் கேலி செய்யாமல் நடித்தார் என்று நீங்களே சொன்னீர்கள். ஊர் 'பைத்தியம்' என்று ஒதுக்கக்கூடிய பெண்களை அவர் ஒருமுறைகூட மேலிருந்து பார்த்து நடிக்கவில்லை. 'பாஸ்போர்ட் டு பிம்லிகோ' (1949) படத்தில் வரும் சரித்திரப் பேராசிரியையையும் பாருங்கள். லண்டனின் ஒரு பகுதி பழைய சாசனத்தின்படி இன்னும் பர்கண்டி நாட்டுக்குச் சொந்தம் என்று நீதிமன்றத்தில் சாட்சி சொல்கிற பெண். அந்தச் சாசனத்தின் மேல் அவருக்கு இருக்கும் ஆனந்தத்தை அப்படியே மதித்துக் காட்டுகிறார். உழைப்பால் வருவது நுணுக்கம், ஒப்புக்கொள்கிறேன். அந்த மதிப்பு எங்கிருந்து வந்தது என்று யோசிக்க எனக்கு உரிமை உண்டு.

மேடைநிழல்

சரி. அந்த மதிப்பு என்ற சொல்லை ஒப்புக்கொள்கிறேன்.

தாமதரயில்

இழையை முழுக்கப் படித்தேன். எனக்கு இதில் பிடித்துக்கொண்டது ஒரே ஒரு எண், 33.

மேடை ஏற வேண்டும் என்ற ஆசை சின்ன வயதிலிருந்தே இருந்தும் அவர் பியானோ சொல்லிக்கொடுத்துக்கொண்டும் பேச்சுப் பயிற்சி நடத்திக்கொண்டும் இருந்திருக்கிறார். வளர்த்த அந்த உறவுக்கார அம்மாள் இறந்து கொஞ்சம் பணம் விட்டுப்போன பிறகுதான் ஓல்ட் விக் நாடகக் குழுவில் போய்ச் சேர முடிந்தது. 1925, வயது 33. அந்தக் காலத்தில் அந்த வயதில் நடிகைகளுக்கு அம்மா வேடம் கொடுக்க ஆரம்பித்துவிடுவார்கள். இவர் அப்போதுதான் துணை வேடத்தில் மேடையில் நடந்து போகிறார். முதல் சினிமா 1936-ல், 44 வயதில். லண்டன் மேடையில் பெயர் நிலைத்தது அதற்கும் இரண்டு வருடம் கழித்து, 'ஸ்பிரிங் மீட்டிங்' நாடகத்தில்.

நான் 41 வயதில் வங்கி வேலையை விட்டுவிட்டு வீணை கற்றுக்கொள்ள ஆரம்பித்தவன். வகுப்பில் என் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது ஒன்பது வயதுப் பிள்ளை, என்னைவிட வேகமாகக் கற்றுக்கொள்கிறாள். 'இனிமேல் என்ன ஆகப் போகிறது' என்று என் முகத்துக்கு நேரே கேட்ட சொந்தக்காரர்கள் உண்டு. ரதர்ஃபோர்டிடமும் யாராவது கேட்டிருப்பார்கள் என்றுதான் நினைக்கிறேன். கேட்டவர்கள் யாரென்று இன்று யாருக்கும் தெரியாது.

மதுரைமல்லி

ஸ்டிரிங்கர் டேவிஸ் பற்றி ஒருவரும் பேசவில்லையே! மார்ப்பிள் படங்களில் கூடவே வரும் அந்த ஒல்லியான நூலகர், மிஸ்டர் ஸ்டிரிங்கர். பயந்துகொண்டே மார்ப்பிள் சொன்னதையெல்லாம் செய்வாரே, அவர்தான் நிஜ வாழ்க்கையில் கணவர். நாவலில் அப்படி ஒரு பாத்திரமே கிடையாது, இவருக்காகவே சேர்த்தது. 1930-ல் ஆக்ஸ்ஃபோர்ட் நாடக மேடையில் சந்தித்திருக்கிறார்கள். டேவிஸின் அம்மாவுக்குச் சம்மதம் இல்லை. அவரை மீறிக் கல்யாணம் செய்துகொள்ள டேவிஸுக்கு மனம் வரவில்லை, அந்த அம்மாள் காலமான பிறகு 1945-ல் கல்யாணம். மணமகளுக்கு ஐம்பது வயது தாண்டிவிட்டது. 15 வருடம் காத்திருந்திருக்கிறார்கள். அதற்கப்புறம் எங்கே நடித்தாலும் கூடவே டேவிஸ், பெரும்பாலும் அதே படத்தில் ஏதோ ஒரு சின்ன வேடத்தில். மனச்சோர்வு வந்து அவர் படுத்துவிட்ட நாட்களிலும் பார்த்துக்கொண்டது இவர்தான். மார்ப்பிள் படங்களில் போட்டுக்கொண்ட உடைகள்கூட ரதர்ஃபோர்டின் சொந்த உடைகள்தான். சொந்த உடை, சொந்தக் கணவர். 'மர்டர் அட் த கேலப்'பில் இரண்டு பேரும் ட்விஸ்ட் ஆடுவார்கள் பாருங்கள், 70 வயதில், எனக்கு அது நடிப்பாகவே தெரியாது.

கடைசிக் காலம் எழுதவே கஷ்டமாக இருக்கிறது. 1966-ல் ஹேமார்க்கெட் தியேட்டரில் 'த ரைவல்ஸ்' நாடகம், ரால்ஃப் ரிச்சர்ட்சனோடு. இவர் மிஸஸ் மாலப்ராப், வார்த்தைகளை மாற்றி மாற்றிப் பேசுகிற பாத்திரம். சில வாரங்களில் உடல்நிலை காரணமாக விலக வேண்டியதாயிற்று. மறதி நோய் மெல்லப் பிடித்துக்கொண்டது.

என் அம்மாவுக்கு ஆறு வருடம் இந்த நோய். முதலில் போனது பெயர்கள், அப்புறம் சமையல் செய்முறை. குழம்புக்கு எப்போது புளி கரைத்து ஊற்ற வேண்டும் என்று அடுப்பின் முன்னால் நின்று யோசித்த அம்மாவின் முகம் எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது. நாற்பது வருடம் கண்ணை மூடிக்கொண்டு செய்த வேலை அது. வசனமே வாழ்க்கையாக இருந்த ஒருவருக்கு வசனம் நழுவ ஆரம்பித்தால் எப்படி இருந்திருக்கும். அதுவும் தன் மனம் ஒருநாள் தன்னை விட்டுப் போய்விடுமோ என்று சின்ன வயதிலிருந்து பயந்தவருக்கு. டேவிஸ் கடைசிவரை கூட இருந்து பார்த்துக்கொண்டார். ரதர்ஃபோர்ட் 1972 மே 22-ல், 80 வயதில் போனார். டேவிஸ் அடுத்த வருடமே. ஜெரார்ட்ஸ் கிராஸில் ஒரே இடத்தில் அடக்கம். கல்லின் அடியில் 'எ ப்ளைத் ஸ்பிரிட்' என்று பொறித்திருக்கிறது.

கோடம்பாக்கம்வாசி

மதுரைமல்லி அக்கா, உங்கள் பதிவைப் படித்த பிறகு நான் எழுத வைத்திருந்தது சின்னதாகத் தெரிகிறது. இருந்தாலும் ஆஸ்கர் பற்றி யாரும் சொல்லாததால் சொல்கிறேன்.

'த வி.ஐ.பி.ஸ்' (1963). பனிமூட்டத்தால் லண்டன் விமான நிலையத்தில் மாட்டிக்கொண்ட பணக்காரர்களின் கதை. எலிசபெத் டெய்லரும் ரிச்சர்ட் பர்ட்டனும்தான் விளம்பரத்தில் பெரிதாக இருந்தார்கள். ரதர்ஃபோர்ட் அதில் பிரைட்டன் சீமாட்டி. பரம்பரை வீட்டைக் காப்பாற்றப் பணம் இல்லாமல், வயதான காலத்தில் அமெரிக்காவுக்கு வேலை தேடிப் போகிறாள், விமானம் என்றால் பயம், மாத்திரையாக விழுங்குகிறாள். மொத்தமாகப் பார்த்தால் கொஞ்ச நேரம்தான் வருவார். படம் முடிந்தபிறகு நம் மனதில் நிற்பது அவர் மட்டும்தான். அதற்குத்தான் சிறந்த துணை நடிகை ஆஸ்கர், 71 வயதில். விழாவுக்கு அவர் போகவில்லை, பீட்டர் உஸ்தினோவ் வாங்கிக்கொண்டார். 1967-ல் டேம் பட்டம்.

அந்தப் படத்தில் கூட நடித்த ஆர்சன் வெல்ஸ், பிறகு தான் இயக்கிய 'சைம்ஸ் அட் மிட்நைட்' படத்துக்கு இவரைக் கூப்பிட்டார். மிஸ்ட்ரஸ் குவிக்லி, சத்திரக்காரி. ஷேக்ஸ்பியரின் பாத்திரமான ஃபால்ஸ்டாஃப் எப்படிச் செத்தான் என்று சொல்கிற அந்தக் காட்சி. காலைத் தொட்டுப் பார்த்தேன், குளிர்ந்திருந்தது, இன்னும் மேலே தொட்டேன், அங்கேயும் குளிர்ந்திருந்தது என்று சொல்லிக்கொண்டே போவாள். ஷேக்ஸ்பியர் அந்த வசனத்தில் கொஞ்சம் சிரிப்பையும் ஒளித்து வைத்திருக்கிறார். ரதர்ஃபோர்ட் அதை எடுத்துக் காட்டவும் இல்லை, மறைக்கவும் இல்லை. அவர் நடித்ததிலேயே சிறந்த காட்சி இதுதான் என்பது என் எண்ணம், மார்ப்பிளையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

கிறிஸ்டி வாசகி

நேற்று ராத்திரி 'மர்டர் ஷீ செட்' போட்டுப் பார்த்தேன், கல்லூரிக் காலத்துக்குப் பிறகு முதல் தடவை. இப்போதும் சொல்கிறேன், அது கிறிஸ்டியின் மார்ப்பிள் இல்லை. ஹிக்சன்தான்.

ஆனால் போலீஸ் அதிகாரி வந்து, ரயிலில் பிணம் எதுவும் இல்லை, உங்களுக்கு ஏதோ பிரமை என்கிற மாதிரிப் பேசுகிற இடத்தில் படத்தை நிறுத்திவிட்டேன். தன் புத்தி சரியாக இருக்கிறது என்று ஒரு பெண் நிரூபிக்க வேண்டிய காட்சி அது. இருபது வருடத்துக்கு முன்னால் பார்த்தபோது எனக்கு அது வெறும் கதையின் ஆரம்பமாகத்தான் பட்டது. நேற்று அந்த இடத்தையே மூன்று தடவை பார்த்தேன். கோடம்பாக்கம்வாசி சொன்ன அந்தத் தாடை இறுகுவதையும் பார்த்தேன். மீதிப் படத்தை இன்று சாயங்காலம் மகளையும் உட்கார வைத்துப் பார்க்கப் போகிறேன். அடுத்து 'ப்ளைத் ஸ்பிரிட்'.

மேடைநிழல்

அதற்கப்புறம் 'த ஹேப்பியஸ்ட் டேஸ் ஆஃப் யுவர் லைஃப்' (1950) விட்டுவிடாதீர்கள் அக்கா. ஒரு பெண்கள் பள்ளியைத் தவறுதலாக ஒரு ஆண்கள் பள்ளிக் கட்டடத்துக்கு அனுப்பிவிடுகிறார்கள், இவர் அந்தப் பெண்கள் பள்ளியின் தலைமை ஆசிரியை, எதிரே அலெஸ்டர் சிம். உங்கள் மகளுக்கு நிச்சயம் பிடிக்கும்.